நெஞ்சில் ஒட்டிய மைக்

அந்தச் சத்தத்தை முதல் நாள் தம்பி துணி என்றுதான் நினைத்தார்.

சட்டைக்குள்ளே, நெஞ்சுக்குழிக்கு இரண்டு விரல் மேலே, பொத்தான் அளவு மைக்கைப் பிளாஸ்திரி போட்டு ஒட்டுவார்கள். சட்டை புதிதாக இருந்தால் அதன் மொடமொடப்பு மைக்கில் உரசி நாள் முழுக்கத் தலைவலி கொடுக்கும். ஆனால் அன்று அண்ணன் போட்டிருந்தது பழைய சட்டை. ஆலைத் தொழிலாளி வேடத்துக்காக உடைக்காரர் பத்துத் தடவை துவைத்து நைய வைத்தது. அப்படியும் ஹெட்ஃபோனில் அது கேட்டது. அண்ணன் மூச்சை இழுத்து முடிக்கிற இடத்தில், மிகச் சின்னதாக, தலைமயிரைக் காதருகே பிடித்து இரண்டு விரலால் தேய்த்தால் வருமே, அந்த மாதிரி ஒரு நொறநொறப்பு.

தம்பி பிளாஸ்திரியை மாற்றினார். மைக்கை இடம் மாற்றினார். மைக்கையே மாற்றினார். சத்தம் போகவில்லை. நீண்ட கம்பில் மைக்கைத் தூக்கிப் பிடிக்கும் உதவியாளர், நாற்பதைத் தாண்டிய நெட்டையான மனிதர், எல்லோருக்கும் 'கொக்கு', தானும் ஹெட்ஃபோனை மாட்டிக் கேட்டுவிட்டு, பெரியவர் மார்பில் முடி அதிகமோ என்றார். மறுநாள் அண்ணன் சலித்துக்கொண்டே மார்பைச் சிரைத்துக்கொண்டு வந்தார். அப்போதும் கேட்டது.

தம்பிக்கு அன்று ஐம்பத்திரண்டு வயது. சினிமாவில் ஒலிப்பதிவாளராக இருபத்தேழு வருடம் ஓடியிருந்தது. டப்பிங் தியேட்டரில் கேபிள் சுற்றுவதில் தொடங்கி, மற்றவர்கள் பதிந்ததைக் கோர்த்துக் கலக்கும் மிக்ஸிங் மேஜையில் எட்டு வருடம் உட்கார்ந்து, பிறகு நடிகர்கள் பேசுவதைப் படப்பிடிப்பிலேயே நேரடியாகப் பதிவு செய்கிற வேலைக்கு வந்தவர். காலையில் எல்லோருக்கும் முன்னால் போய், எடுக்கப்போகிற இடத்தைச் சுற்றி ஒரு நடை நடப்பார். ஃபிரிட்ஜை நிறுத்துவார். காற்றாடியை நிறுத்துவார். பக்கத்து வீட்டு நாய்க்கு ரொட்டி வாங்கிப் போட ஆள் வைப்பார். நடிகைகளின் வளையலுக்கடியில் பஞ்சு வைக்கச் சொல்லி வாங்கிக்கட்டிக்கொள்வார். 'சவுண்டு ஓகேவா' என்று டைரக்டர் கேட்டால் அவர் கொஞ்ச நேரம் பதில் சொல்லமாட்டார். அந்தக் கொஞ்ச நேரத்தில் மொத்த யூனிட்டும் அவரை மனசுக்குள் திட்டும். ஒரு தடவை எங்கேயோ தூரத்தில் போன மோட்டார் சைக்கிளுக்காகப் பன்னிரண்டாவது டேக் கேட்டிருக்கிறார். ஆனால் அவர் ஓகே சொன்னால் கண்ணை மூடிக்கொண்டு எடிட்டிங்குக்கு அனுப்பலாம் என்று பெயர். விருது ஒன்றும் வந்ததில்லை. அந்தப் பெயர்தான் இருந்தது.

அண்ணன் நடிகர். தம்பியை விட ஏழு வயது மூத்தவர். முப்பது வருடம் நடித்திருந்தார். நடித்ததெல்லாம் ஒரு நிமிடத்தில் வந்து போகிற வேடம். உண்டியல் உடைந்ததை முதலில் பார்ப்பவர், உயிலைப் படிக்கும் வக்கீல், 'இன்ஸ்பெக்டர் உங்களக் கூப்பிடறாரு' என்று சொல்லும் ஏட்டு. தெருவில் போனால் நாலு பேர் இவரை எங்கேயோ பார்த்திருக்கிறோமே என்று யோசிப்பார்கள். வங்கியிலா, பஸ்ஸிலா என்று அவரிடமே கேட்பார்கள். அண்ணி காலமானபிறகு அவர் தம்பி வீட்டு மாடியறையில் இருந்தார்.

இந்தப் படம் அவருக்கு வந்ததே தம்பியால்தான். படம் தொடங்குவதற்கு முன், படப்பிடிப்புக்கு எடுத்திருந்த, மூடிக்கிடந்த ஓர் ஆலைக்குள் எதிரொலி எப்படி இருக்கிறது என்று பார்க்க ஒருத்தரை நிறுத்திப் பேச வைக்க வேண்டியிருந்தது. சும்மா காரில் கூட வந்திருந்த அண்ணனைத் தம்பி நிறுத்தினார். காகிதத்தில் இருந்த இரண்டு வரியை அண்ணன் படித்தார். இன்னொரு ஹெட்ஃபோனில் கேட்டுக்கொண்டிருந்த டைரக்டர் நிமிர்ந்து, இவர் யார் என்று கேட்டார். பத்து நாளில், காணாமல் போன மகனை ஆலைக்குள் தேடுகிற தகப்பன் வேடம் அண்ணனுக்கு வந்துவிட்டது. படம் முழுக்க அவர்தான். தம்பி மனைவி பக்கத்து வீடுகளுக்கெல்லாம் இனிப்புக் கொடுத்தார்.

மூன்றாவது வாரம் புழுக்கம் இறுகியது. தினமும் மத்தியானத்துக்கு மேல் மேகம் வந்து ஆலைக் கூரையை மூடிக்கொண்டு நிற்கும், ஒரு துளி விழாது. தகரக் கூரைக்குக் கீழே காற்றே இருக்காது. எல்லோரும்தான் மூச்சு வாங்கினார்கள். அதனால் அண்ணன் ஷாட்டுக்கு ஷாட் நாற்காலியைத் தேடியது யாருக்கும் வித்தியாசமாகப் படவில்லை. தம்பிக்கு மட்டும் அது காதுக்குள்ளேயே நடந்துகொண்டிருந்தது. முதல் நாள் மூச்சின் கடைசியில் மட்டும் இருந்த நொறநொறப்பு இப்போது பாதி மூச்சிலேயே தொடங்கியது. நடிகர்கள் மைக் ஒட்டியிருப்பதை மறந்துவிடுவார்கள். அவர்கள் வயிறு உறுமுவதும், தனியாகப் போய்ப் போனில் கெஞ்சுவதும் இவருக்குக் கேட்கும். கேட்டதை அங்கேயே விட்டுவிடுவதுதான் தொழில் நாகரிகம். அண்ணன் மூச்சை அவரால் அங்கேயே விட முடியவில்லை. சாப்பிடும்போதும் கேட்டது.

வீட்டில் முதலில் கவனித்தவர் அவர் மனைவி. அஞ்சலகத்தில் கவுன்ட்டரில் உட்காருகிறவர், எதையும் எண்ணிப் பார்க்கிற பழக்கம். காலையில் மாடிக்கு டீ கொண்டு போனால் மாமா இரண்டு தலையணை வைத்துச் சாய்ந்திருப்பார், இப்போது நாலு வைத்து உட்கார்ந்தமேனிக்கே தூங்குகிறார் என்றார். செருப்பின் வாரைக் கடைசி ஓட்டைக்குத் தள்ளிப் போட்டிருக்கிறார். கணுக்காலில் விரலை வைத்தால் குழி விழுந்து அப்படியே நிற்கிறது. கால் வீங்கியிருக்கிறதே என்று கேட்டதற்கு, மூணு வாரமா நின்னுகிட்டே நடிக்கிறேன், உனக்கும் நின்னா வீங்கும் என்றாராம்.

"என்னங்க, உங்களுக்கு ஏதாவது தெரியுமா?" என்று கேட்டார் மனைவி.

தெரியாது என்றார் அவர். மனைவி சப்பாத்திக் கட்டையைக் கழுவப் போய்விட்டார்.

அடுத்த ஞாயிறு படப்பிடிப்பு இல்லை. மத்தியானம் சாப்பிட்டு முடித்ததும் தம்பி கருவிப்பெட்டியைத் தூக்கிக்கொண்டு மாடிக்குப் போனார். அண்ணன் ஜன்னலோரம் உட்கார்ந்து வசனத் தாளை மனப்பாடம் செய்துகொண்டிருந்தார். தம்பி ஹெட்ஃபோனை அவர் தலையில் மாட்டினார். வசனத்துக்கு முன்னும் பின்னும் இருக்கும் மூச்சை மட்டும் தனியே வெட்டிச் சேர்த்து வைத்திருந்தார். முதல் நாளுடையது ஒன்று. முந்தாநாளுடையது ஒன்று.

அண்ணன் கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். முடிந்ததும் இரண்டாவதை மட்டும் திரும்பப் போடச் சொன்னார். பிறகு இன்னொரு தடவை.

"டைரக்டருக்குப் போட்டுக் காட்டினியா?"

"இல்லண்ணே. உங்ககிட்டதான் மொதல்ல."

"அவருக்குத் தெரியும்டா. தெனம் சொல்றாரு. சார், இந்த மூச்ச எங்க புடிச்சீங்க, டப்பிங்ல வைக்கச் சொன்னா இது வராதுன்னு." ஹெட்ஃபோனைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டார். "முப்பது வருஷம் நடிச்சேன். ஒருத்தன் திரும்பிப் பாக்கல. இப்ப நான் நடிக்கவே இல்ல. சும்மா உக்காந்து மூச்சு விடறேன். அம்பது பேர் வேலைய விட்டுட்டுப் பாக்கறாங்க."

"அது நல்ல மூச்சு இல்லண்ணே."

"அது எனக்குத் தெரியாதா. என் நெஞ்சுலதானே இருக்கு."

டாக்டரிடம் ஒரு நடை போய்விட்டு வந்துவிடலாம், யாருக்கும் தெரிய வேண்டாம் என்று தம்பி கெஞ்சினார். அண்ணன் ஒத்துக்கொள்ளவில்லை. போனால் படுக்க வைப்பார்கள், படுக்க வைத்தால் தயாரிப்பாளர் அடுத்த நாளே வேறு ஆளைப் பார்ப்பார், இந்த ஊரில் தகப்பன் வேடத்துக்கு ஆளா இல்லை என்றார். இன்னும் எட்டு நாள் வேலைதான் இருக்கிறது. எட்டு நாள் முடிந்த மறுநாள் எந்த ஆஸ்பத்திரிக்குக் கூப்பிட்டாலும் வருகிறேன் என்று தம்பியின் கையைப் பிடித்துக்கொண்டார். கை ஈரமாகவும் குளிர்ந்தும் இருந்தது.

"எட்டு நாள் மட்டும் உன் காதப் பொத்திக்கடா. எனக்காக இத ஒண்ணு செய்."

தம்பி சரி என்றார். கீழே வந்து மனைவியிடம் எதுவும் சொல்லவில்லை. மனைவியும் கேட்கவில்லை. ஆனால் அன்றிலிருந்து மாடிக்குப் போகிற தட்டில் உப்புப் போட்டது எதுவும் இல்லை.

எட்டில் ஐந்து நாள் கழிந்தது. ஆறாம் நாள் படிக்கட்டுக் காட்சி.

ஆலையின் நாலு மாடியையும் இரும்புப் படி ஒன்று சுற்றிச் சுற்றி ஏறியது. மேலே ஏதோ சத்தம் கேட்டு, மகன்தான் என்று நினைத்துத் தகப்பன் ஓடி ஏறுகிறார். ஒரே ஷாட். கேமராக்காரர் முன்னால் பின்னோக்கி ஏறுவார், பின்னால் கொக்கு கம்பைத் தூக்கிக்கொண்டு ஏறுவார். மூன்றாம் மாடித் திருப்பத்தில் நின்று அண்ணன் 'யாரு மேல' என்று கேட்க வேண்டும், மறுபடி ஏற வேண்டும். தம்பி கீழே, படிக்குப் பக்கத்தில், தன் கருவி மேஜையோடு இருந்தார். அங்கிருந்து முதல் திருப்பம் வரைதான் ஆள் தெரியும். அதற்கு மேல் காது மட்டும்தான்.

முதல் டேக்கில் கேமராக்காரர் கால் இடறியது. இரண்டாவதில் தகப்பன் திரும்பிப் பார்ப்பது சீக்கிரமாகிவிட்டது என்றார் டைரக்டர். ஒவ்வொரு தடவையும் அண்ணன் கைப்பிடியைப் பிடித்து இறங்கி வந்து, துண்டால் கழுத்தைத் துடைத்துக்கொண்டு, தம்பி பக்கம் பார்க்காமல் நின்றார். மூன்றாவது டேக்கில் இரண்டாம் மாடியைத் தாண்டும்போது பக்கத்துக் காம்பவுண்டில் யாரோ தண்ணீர் மோட்டாரைப் போட்டார்கள். கடைசிவரை அது ஓடியது. வசனத்தின் மேலேயே ஓடியது.

"சவுண்டு?" என்றார் டைரக்டர்.

தம்பி இந்தத் தடவை யோசிக்கவே இல்லை. ஓகே என்றார்.

இறங்கி வந்த கொக்கு அவரைப் பார்த்தார். அவர் காதிலும் ஹெட்ஃபோன் இருந்தது. அவரும் மோட்டாரைக் கேட்டிருந்தார். கம்பைச் சுவரில் சாய்த்துவிட்டுக் கழுத்து வியர்வையை வழித்துப் போட்டார். இருபத்தேழு வருடத்தில் தம்பி பொய்யாகச் சொன்ன முதல் ஓகே அது. அதுவும் பயன்படவில்லை. டைரக்டர் மானிட்டரில் ஓட்டிப் பார்த்துவிட்டு, நாலாவது மாடியில் முகம் தெளிவாக இல்லை, ஒரே ஒரு தடவை என்றார். அண்ணன் தலையாட்டினார்.

நாலாவது டேக்.

முதல் மாடி வரை மூச்சு காலோடு சேர்ந்து போனது. இரண்டாவதில் நொறநொறப்பு இழுக்கும்போதும் விடும்போதும் கேட்டது. அதற்கு மேல் அது நொறநொறப்பாகவே இல்லை. அடுப்பில் கஞ்சி கொதித்து மூடியைத் தூக்குமே, அப்படி ஈரமாக, அடியிலிருந்து பொங்கி வருகிற சத்தம். அதற்குப் பின்னால் இதயத்தின் இடி. வழக்கமாக அது மைக்கில் விழாது. மூன்றாம் மாடித் திருப்பம் வந்தது. காலடி நின்றது. 'யாரு' என்று ஆரம்பித்து அதோடு நின்றது. டைரக்டர் மானிட்டருக்குள் முகத்தை வைத்துக்கொண்டு, அருமை, அருமை என்று உதட்டுக்குள் சொல்லிக்கொண்டிருந்தார். காலடி மறுபடி ஏறத் தொடங்கியது.

தம்பி ஹெட்ஃபோனைக் கழற்றி எறிந்துவிட்டு, "கட்" என்று கத்தினார்.

அந்தச் சொல்லைச் சொல்ல ஒருத்தருக்குத்தான் உரிமை. ஆலை முழுக்க அது எதிரொலித்து அடங்கும்வரை யாரும் அசையவில்லை. டைரக்டர் மெதுவாகத் திரும்பி, என்ன சார் இது என்றார். தம்பி அதற்குள் படியில் ஏறிக்கொண்டிருந்தார்.

அண்ணன் மூன்றாம் மாடிக்கு மேலே ஐந்தாவது படியில் உட்கார்ந்திருந்தார். உதடு சாம்பல் நிறமாக இருந்தது. கேமராக்காரரும் கொக்கும் அவர் பக்கத்தில் நின்றார்கள். டைரக்டரும் இன்னும் பத்துப் பேரும் ஏறி வந்துவிட்டார்கள். தம்பி மூச்சிரைக்க, இவருக்கு உடம்பு சரியில்லை, மூன்று வாரமாகச் சரியில்லை, எனக்குத் தெரியும் என்றார்.

அண்ணன் எல்லோரையும் ஒரு தடவை பார்த்துச் சிரித்தார். "ஒண்ணுமில்ல சார். எந்தம்பிக்குச் சின்ன வயசுலேர்ந்தே நான் மேல ஏறுனா புடிக்காது."

எல்லோரும் சிரித்தார்கள். நிம்மதியாகச் சிரித்தார்கள். அந்தச் சிரிப்புக்கு நடுவில் அண்ணன் இருமினார். துண்டை வாயில் வைத்து எடுத்தபோது அதில் இளஞ்சிவப்பாக நுரை இருந்தது. அவரே அதை மடித்து மறைக்கப் பார்த்தார். கை வரவில்லை. கொக்குதான் அவரை முதுகில் தூக்கிக்கொண்டு இறங்கினார்.

இதயம் தன் வேலையில் மூன்றில் ஒரு பங்கைத்தான் செய்கிறது, நுரையீரலில் நீர் கட்டியிருக்கிறது என்று ஆஸ்பத்திரியில் சொன்னார்கள். இன்னும் ஒரு தடவை ஏறியிருந்தால் என்று டாக்டர் தொடங்கியதை முடிக்கவில்லை. பதினாறு நாள் வைத்திருந்து நீரை இறக்கினார்கள். இனி மாத்திரையோடுதான் வாழ்க்கை, உப்பு கூடாது, பளு கூடாது, ஆறு மாதமாவது வேலை கூடாது. படக் கம்பெனி எட்டு நாள் பொறுத்தது. பிறகு வேறொரு நடிகரை வைத்து எல்லாவற்றையும் முதலிலிருந்து எடுத்தார்கள். அண்ணன் நடித்த இருபத்தாறு நாளும் ஒன்றுமில்லாமல் போனது. தம்பியையும் அவர்கள் திரும்பக் கூப்பிடவில்லை. டைரக்டர் ஆஸ்பத்திரிக்கு வந்து அவர் கையைக் குலுக்கிவிட்டுத்தான் போனார், ஆனால் படத்துக்கு ஒலிப்பதிவாளராகக் கொக்குவைப் போட்டுக்கொண்டார். கொக்கு வீட்டுக்கு வந்து தலைகுனிந்து நின்றார். போய்ச் செய்யுங்க, எவனோ செய்றதுக்கு நீங்க செய்றது நல்லது என்று தம்பி அனுப்பி வைத்தார்.

அண்ணன் மாடியறைக்குத் திரும்பினார். தம்பியோடு பேசவில்லை.

சண்டை எதுவும் போடவில்லை. பேசாமல் இருந்தார், அவ்வளவுதான். தம்பி மனைவியிடம் பேசுவார், செய்தித்தாள் கேட்பார், கீரையில் உப்பில்லை என்றால் இது மாட்டுத் தீவனமாம்மா என்று கேலி செய்வார். தம்பி அறைக்குள் வந்தால் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வார். தினமும் காலையில் சுத்தமாகச் சவரம் செய்து, சட்டை போட்டு, போனைத் துடைத்து மேஜையில் வைத்துக்கொண்டு உட்காருவார். அழைப்பு வராது. இப்படி ஏழு மாதம் போனது. தம்பிக்கு வேறு படங்களில் மிக்ஸிங் வேலை இருந்தது. மிக்ஸிங் அறையில் யாருடைய மூச்சு வந்தாலும் அவர் கை அதைக் கொஞ்சம் தாழ்த்திவிடும். அவருக்கே தெரியாமல் தாழ்த்திவிடும். எடிட்டர்கள் மறுபடி ஏற்றச் சொல்வார்கள்.

வீட்டில் அவர் கூடத்தில் உட்கார்ந்து மேலே கவனிப்பார். கூரைக்கு மேல் நாற்காலி இழுபடும், தண்ணீர்க் குழாய் திறக்கும், இருமல் ஒன்று வரும். இருமல் வந்தால் மனைவியும் கையில் இருப்பதை வைத்துவிட்டு மேலே பார்ப்பார். இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்ளமாட்டார்கள்.

எட்டாவது மாதம் ஒரு காலையில் அண்ணன் சின்னப் பையோடு இறங்கி வந்தார். பழைய கூட்டாளி ஒருத்தரைப் பார்க்கப் போகிறேன், இரண்டு நாளில் வந்துவிடுவேன் என்று தம்பி மனைவியிடம் சொல்லிவிட்டுப் போனார். இரண்டு நாள் நாலு நாளானது. போன் அடித்தால் எடுத்து, நல்லா இருக்கேம்மா என்று வைத்துவிடுவார். மாடியறையைப் பெருக்கப் போன தம்பி மனைவி, மேஜை இழுப்பறையில் மாத்திரை அட்டைகள் பாதிக்கு மேல் அப்படியே இருப்பதைப் பார்த்தார்.

ஐந்தாம் நாள் காலை கொக்கு கூப்பிட்டார். குரலில் தயக்கம் இருந்தது.

"சார், தப்பா எடுத்துக்காதீங்க. மலைப்பக்கம் ஒரு சின்னப் படம் நடக்குது. அங்க சவுண்டு பண்றவன் எனக்குப் போன் பண்ணான். ஒரு பெரியவர் மைக்ல என்னமோ உரசற சத்தம் வருது, பிளாஸ்திரி மாத்திட்டேன், மைக்க மாத்திட்டேன், போக மாட்டேங்குது, எப்படி எடுக்கறதுன்னு கேட்டான். யாரு பெரியவர்னு கேட்டேன் சார்."

தம்பி போனை வைத்துவிட்டுக் கார் சாவியைத் தேடினார். மனைவிக்கு அவர் முகத்தைப் பார்த்ததே போதுமாக இருந்தது. அலுவலகத்துக்கு விடுப்புச் சொல்லிவிட்டு அடுப்பைப் பற்ற வைத்தார். உப்பில்லாமல் வேகவைத்தது, மாத்திரை, சூடு ஆறாத குடுவை என்று ஒரு கூடை நிறைய ஆனது. காரில் அதை ஏற்றும்போதுதான் பேசினார்.

"கூட்டிட்டு வரணும்னு போறீங்களா?"

"பின்ன?"

"வரமாட்டாரு. அன்னைக்கு நீங்க செஞ்சது சரிதான். நான் யார் கேட்டாலும் சொல்லுவேன். ஆனா எட்டு மாசமா மேல ஒரு மனுஷன் உயிரோட இருந்தாருன்னா நினைக்கறீங்க?" கதவைச் சாத்தினார். "கூட இருக்கறதுன்னா போங்க. இல்லன்னா கூடைய மட்டும் யார்கிட்டயாவது குடுத்தனுப்புங்க."

நாலு மணி நேர ஓட்டம். மலையடிவாரத்தில் கைவிடப்பட்ட பஸ் நிலையம் ஒன்றில் படப்பிடிப்பு நடந்துகொண்டிருந்தது. பஸ்கள் வராமல் போன பிறகும் தினமும் வந்து டிக்கெட் கூண்டில் உட்காருகிற கிழவராக அண்ணன் நடித்தார். இதிலும் படம் முழுக்க அவர்தான். தம்பி போனபோது அண்ணன் கண்ணாடி முன்னால் உட்கார்ந்திருந்தார், ஒப்பனைக்காரர் அவர் புருவத்தில் வெள்ளை தடவிக்கொண்டிருந்தார். தம்பியைக் கண்ணாடிக்குள்ளேயே பார்த்தார். ஒப்பனைக்காரரை டீ குடித்துவிட்டு வரச் சொன்னார்.

"கட் சொல்ல வந்தியா?"

எட்டு மாதத்துக்குப் பிறகு தம்பியிடம் சொன்ன முதல் வார்த்தை.

"இல்லண்ணே. மாத்திரை கொண்டு வந்தேன்."

அண்ணன் முகம் இன்னும் இளைத்திருந்தது, கண்ணுக்குக் கீழே மட்டும் உப்பியிருந்தது. கூடையைப் பார்த்தார். தம்பியைப் பார்த்தார்.

"அன்னைக்கு நீ கட் சொல்லலைன்னா நான் செத்திருப்பேன். அது எனக்குத் தெரியும்டா. டாக்டர் சொன்னாரு. நானும் உணர்ந்தேன்." குரல் தாழ்ந்தது. "ஆனா மேல அந்த ரூம்ல உக்காந்து, அடுத்த நாள், அதுக்கடுத்த நாள்னு... நான் எதுக்கு இதச் சேர்த்து வைக்கிறேன்னு எனக்கே புரியல."

அண்ணன் சட்டையின் மேல் பொத்தான்களைக் கழற்றினார்.

"இங்க சவுண்டு பண்றவன் நல்லவன்தான். மைக்கப் பிச்சுப் பிச்சு ஒட்டறான். ஏதோ சத்தம், ஏதோ சத்தம்னு அவன் பயந்து என்னையும் பயமுறுத்தறான். நீயே ஒட்டிடு."

ஒலிப்பதிவாளரிடம் போய்த் தம்பி மைக்கையும் பிளாஸ்திரியையும் ஊசிநூலையும் வாங்கி வந்தார். அண்ணன் மார்பில் தோல் உலர்ந்து சுருங்கியிருந்தது. தினமும் பிளாஸ்திரி பிய்த்த இடம் சிவந்திருந்தது. அந்த இடத்தில் கையை வைத்தார். உள்ளே நடப்பது அவர் உள்ளங்கைக்குத் தெரிந்தது. ஹெட்ஃபோன் தேவைப்படவில்லை. மைக்கை அங்கே ஒட்டவில்லை. மேலே, தோளெலும்பையும் தாண்டி, சட்டைக் கழுத்துப் பட்டையின் மடிப்புக்குள் வைத்து, சின்னப் பஞ்சுத் துண்டால் மூன்று பக்கமும் மூடித் தைத்தார். குரல் விழும். நெஞ்சு விழாது.

கருவி முன்னால் உட்கார்ந்திருந்தவர் ஒத்திகையைக் கேட்டுவிட்டு ஆச்சரியப்பட்டார். சுத்தமா இருக்கு சார், என்னதான் சார் அது என்று கேட்டார்.

"துணிதான்" என்றார் தம்பி. "கழுத்துப் பட்டையில வச்சா உரசாது."

பதினொரு நாள் அவர் அங்கே இருந்தார். காலையில் மாத்திரை கொடுப்பார், மைக்கைத் தைப்பார், பிறகு எல்லோருக்கும் பின்னால் போய் ஒரு சுவரோரம் நிற்பார். ஹெட்ஃபோன் கேட்டு வாங்கவில்லை. அங்கிருந்து பார்த்தால் டிக்கெட் கூண்டுக் கம்பிக்குப் பின்னால் அண்ணன் வாய் அசைவது மட்டும் தெரியும். என்ன பேசினார் என்று தெரியாது. இத்தனை வருடத்தில் அண்ணன் நடிப்பதை அவர் ஊன்றிப் பார்த்ததே இல்லை, கேட்டுத்தான் இருந்திருக்கிறார். அந்தக் கிழவர் இல்லாத பயணிக்குச் சில்லறை எண்ணிக் கொடுக்கிற காட்சியில் லைட் பிடித்தவர்கள் சத்தமில்லாமல் நின்றதையும், டைரக்டர் கட் சொல்ல மறந்து நின்றதையும் பார்த்தார். மூன்று தடவை அந்தச் சொல் தொண்டை வரை வந்தது. விழுங்கினார். ஷாட் முடிந்ததும் நாற்காலியோடு ஓடினார்.

கடைசி நாள் மத்தியானத்துக்கு முன்பே முடிந்தது. எல்லோரும் அண்ணனைச் சுற்றி நின்று கை தட்டினார்கள். அவர் கும்பிட்டுவிட்டுக் காருக்கு நடந்தார். முப்பது அடி தூரம். இரண்டு இடத்தில் நின்றார். வீட்டுக்கா, ஆஸ்பத்திரிக்கா என்று தம்பி கேட்டார். நம்ம ஊர் ஆஸ்பத்திரிக்கே போவோம், உன் பொண்டாட்டிய அங்க வரச் சொல்லு என்றார் அண்ணன். தம்பி தன் மனைவிக்குப் போன் செய்தார். அவர் கிளம்பிவிட்டேன் என்றார்.

பக்கத்து சீட்டைச் சாய்த்து, முதுகுக்குத் தலையணை இரண்டு வைத்து அண்ணனை உட்கார வைத்தார். மேகம் தாழ்ந்து, சாலை இருட்டிக்கொண்டு வந்தது. கொஞ்ச தூரம் போனதும், சவுண்டு எப்படிடா இருந்தது என்று அண்ணன் கேட்டார். நான் கேக்கலண்ணே, பாத்தேன் என்றார் தம்பி. அண்ணன் கண்ணை மூடிக்கொண்டார்.

இன்ஜின் சத்தத்தில் மூச்சு கேட்கவில்லை. தம்பி ஏசியை அணைத்தார். அப்போதும் கேட்கவில்லை. சட்டை ஏறி இறங்குகிறதா என்று பார்த்தால் வண்டியே குலுங்கிக்கொண்டிருந்தது. ஓரமாக நிறுத்தி இன்ஜினை அணைத்தார். எதிரே லாரி ஒன்று போய் முடிகிறவரை காத்திருந்தார். பிறகு கேட்டது. ஈரமாக, மெல்லியதாக, இருந்தது. மறுபடி இன்ஜினைப் போட்டார். பத்து நிமிடம் கழித்து மறுபடி நிறுத்தினார். மழை பெரிய துளிகளாகக் கூரையில் விழத் தொடங்கியபின் நிறுத்துவதிலும் பயன் இல்லை. துளிச் சத்தம் எல்லாவற்றையும் மூடியது. அப்படியும் ஐந்தாவது தடவை நிறுத்தி, இன்ஜினை அணைத்து, அண்ணன் முகத்துக்குப் பக்கத்தில் காதைக் கொண்டு போனார்.

அண்ணன் கண்ணைத் திறக்கவில்லை.

"ஓட்டுடா" என்றார். "இருக்கேன்."

தம்பி இன்ஜினைப் போட்டார். ஊருக்கு இன்னும் தொண்ணூறு கிலோமீட்டர் இருந்தது.